சாவி யாரிடம் இருக்க வேண்டும்?

(வணிகர்களும் இளம் வழக்கறிஞர்களும் கூடியிருந்த அரங்கில் ஆற்றிய உரையின் அச்சு வடிவம்)



இன்று மாலை நான் எடுத்துக்கொண்ட பொருள் ஹூக்கா. அழைப்பிதழைப் பார்த்துவிட்டுச் சிலர் என்னைத் தொலைபேசியில் பிடித்தார்கள். “ஐயா, பேசுவதற்கு வேறு பொருளா கிடைக்கவில்லை? ஹூக்கா கடைக்காரனுக்கு வக்காலத்து வாங்கப் போகிறீர்களா?” என்று வருத்தத்தோடு கேட்டார்கள். அவர்கள் வருத்தம் எனக்குப் புரிகிறது. அதனால் முதலில் என் நிலையைச் சொல்லிவிடுகிறேன்.

ஹூக்காவை நான் வெறுக்கிறேன். என் தந்தை சுருட்டுப் பிடித்தவர். கடைசி இரண்டு ஆண்டுகள் அவர் படுத்து உறங்கவில்லை. படுத்தால் மூச்சு முட்டும். தலையணைகளை அடுக்கி, அதில் சாய்ந்தபடியே விடிய விடிய உட்கார்ந்திருப்பார். அந்த இருமல் சத்தம் இன்றைக்கும் என் காதில் இருக்கிறது. புகை வியாபாரத்துக்கு வாழ்த்துச் சொல்ல என் நாக்கு வளையாது.

“தண்ணீர் வழியாக வரும் புகைதானே, வடிகட்டித்தானே வருகிறது” என்று நம்பும் பிள்ளைகள் இருக்கிறார்கள். பழ வாசனை, பன்னீர் வாசனை, வெற்றிலை வாசனை! உலக சுகாதார நிறுவனத்தின் ஆய்வுக் குழு 2005இலேயே எச்சரித்துவிட்டது. ஒரு மணி நேரம் ஹூக்கா இழுப்பவர், ஒரு சிகரெட்டில் உள்ளே போகும் புகையைப் போல 100 முதல் 200 மடங்கு அளவு புகையை உள்ளே இழுக்கக்கூடும். மேலே கனன்றுகொண்டிருக்கும் கரியிலிருந்து கார்பன் மோனாக்சைடு வேறு. தண்ணீர் புகையைக் குளிர வைக்கும், நஞ்சை எடுத்துவிடாது. குளிர்ந்த புகை தொண்டையை உறுத்தாது; உறுத்தாததால் இன்னும் ஆழமாக இழுப்பார்கள். இதுதான் அதன் வேலை.

அப்படியானால் எதற்காக இந்தப் பேச்சு? ஒரு பூட்டுக்காக. ஒரு சாவிக்காக.

சில ஆண்டுகளுக்கு முன்னால், தமிழ்நாட்டில் ஹூக்கா கூடத்தைத் தடை செய்யும் சட்டம் வருவதற்கு முன்னால், ஓர் இளைஞர் என் அலுவலகத்துக்கு வந்தார். இருபத்தெட்டு, இருபத்தொன்பது வயது இருக்கும். நம் மாநிலத்து நகரம் ஒன்றில் சிறிய உணவகம் வைத்திருந்தார். 36 பேர் உட்காரும் இடம். தனியாகத் தடுத்த ஓர் அறையில் ஹூக்கா. வாசலில் வயது கேட்டுத்தான் உள்ளே விடுவார். உள்ளாட்சியின் உரிமம் இருந்தது, உணவுப் பாதுகாப்பு உரிமம் இருந்தது, வரி கட்டிய ரசீது இருந்தது. எல்லாவற்றையும் ஒரு பிளாஸ்டிக் உறையில் போட்டு நெஞ்சோடு அணைத்துக்கொண்டு வந்திருந்தார்.

“சார், நேத்து ராத்திரி ஸ்டேஷன்ல இருந்து வந்தாங்க. எட்டு ஹூக்காவையும் ஆட்டோல ஏத்திக்கிட்டாங்க. கடையைப் பூட்டிட்டு சாவியையும் எடுத்துட்டுப் போயிட்டாங்க.”

“பேப்பர் ஏதாவது கொடுத்தாங்களா?”

“பேப்பரா? என்ன பேப்பர் சார்?”

இந்த ஒரு கேள்விதான், நண்பர்களே, என்னை இங்கே கொண்டுவந்து நிறுத்தியிருக்கிறது. என்ன பேப்பர் என்று அவருக்குத் தெரியவில்லை. ஒரு பேப்பர் இருக்க வேண்டும் என்பதே தெரியவில்லை. படித்த பிள்ளை. கடன் வாங்கிக் கடை போட்ட பிள்ளை. காக்கிச் சட்டை வந்து பூட்டினால் பூட்டியதுதான் என்று நினைத்துக்கொண்டிருந்தார்.

முதல் தகவல் அறிக்கை இல்லை. பறிமுதல் மகஜர் இல்லை. சாட்சிக் கையெழுத்து இல்லை. எந்தச் சட்டத்தின் எந்தப் பிரிவு என்று ஒரு துண்டுச் சீட்டில்கூட எழுதவில்லை. கேட்டதற்குக் கிடைத்த பதில் “மேலிடத்து உத்தரவு” என்ற இரண்டே சொல்.

மேலிடம் என்பது எது? அந்த உத்தரவுக்கு எண் உண்டா? தேதி உண்டா? கையெழுத்து உண்டா?

1617ஆம் ஆண்டில் மொகலாயப் பேரரசர் ஜஹாங்கீர் புகையிலைக்குத் தடை போட்டார். அவருடைய தந்தை அக்பரின் அவைக்குப் புகையிலை பீஜப்பூரிலிருந்து வந்து சேர்ந்து சில ஆண்டுகளே ஆகியிருந்தன. மகன் அரியணையில் இருந்தார், உடலுக்கும் மனத்துக்கும் கேடு என்று கருதினார், தடை என்றார். முடிந்தது. அவர் வாயிலிருந்து வந்ததே சட்டம். அங்கே “மேலிடத்து உத்தரவு” என்றால் அதற்கு மேல் கேள்வி கிடையாது.

1950 ஜனவரி 26க்குப் பிறகு இந்த நாட்டில் அந்த மேலிடம் யாருக்கும் கிடையாது. அரசியல் சட்டத்தின் 19ஆம் பிரிவு, குடிமகன் எவரும் தொழிலோ வணிகமோ நடத்தலாம் என்கிறது. அதே பிரிவு, பொதுநலனுக்காக அந்த உரிமைக்கு நியாயமான கட்டுப்பாடு விதிக்கலாம் என்றும் சொல்கிறது. ஆனால் எதன் மூலம் விதிக்கலாம்? சட்டத்தின் மூலம். அதிகாரியின் விருப்பத்தின் மூலம் என்று அங்கே எழுதவில்லை. ஆணையரின் வாய்மொழி மூலம் என்று எழுதவில்லை. ஒயர்லெஸ் செய்தி மூலம் என்று எழுதவில்லை.

மாணவர்கள் ஒரு பழைய வழக்கைக் குறித்துக்கொள்ள வேண்டும். கரக் சிங் வழக்கு. உத்தரப் பிரதேசத்துக்காரர். 1941இல் ஒரு கொள்ளை வழக்கில் பிடித்தார்கள். சாட்சியம் இல்லை என்று விட்டுவிட்டார்கள். விட்ட பிறகு? காவல் நிலையத்தில் அவர் பெயரில் ஒரு சரித்திரத் தாள் திறந்தார்கள். ராத்திரி நேரத்தில் கதவைத் தட்டுவார்கள். தூங்குகிறவரை எழுப்புவார்கள். இருக்கிறாரா என்று பார்ப்பார்கள். போவார்கள். மறுபடியும் வருவார்கள். எந்த அதிகாரத்தில் என்று கேட்டால், காவல்துறை ஒழுங்குமுறைப் புத்தகத்தைக் காட்டினார்கள். 1962 டிசம்பரில் உச்ச நீதிமன்றத்தின் ஆறு நீதிபதிகள் அந்தப் புத்தகத்தைப் பார்த்தார்கள். இது சட்டசபை இயற்றியது இல்லையே, எந்தச் சட்டத்தின் கீழும் பிறந்த விதியும் இல்லையே, துறை தனக்குத் தானே எழுதிக்கொண்ட அறிவுரைதானே என்றார்கள். துறைக்குள் சுற்றும் அறிவுரையைக் கொண்டு குடிமகனின் கதவைத் தட்ட முடியாது என்று, அந்த இரவு வருகைக்கான விதியை வெட்டி எறிந்தார்கள்.

கதவைத் தட்டுவதற்கே சட்டம் வேண்டும் என்றால், கதவைப் பூட்டுவதற்கு வேண்டாமா?

இனி ஹூக்காவுக்கே வருகிறேன். 2003இல் நாடாளுமன்றம் ஒரு சட்டம் இயற்றியது. சிகரெட் மற்றும் பிற புகையிலைப் பொருள்கள் சட்டம்; வக்கீல்கள் கோட்பா என்பார்கள். பொது இடத்தில் புகைக்கக் கூடாது என்றது. 18 வயதுக்குக் கீழே விற்கக் கூடாது என்றது. கல்வி நிலையத்திலிருந்து 100 கஜத்துக்குள் விற்கக் கூடாது என்றது. ஆனால் ஒரு விலக்கும் வைத்தது. 30 அறை உள்ள தங்கும் விடுதி, 30 பேர் உட்காரும் உணவகம், விமான நிலையம் ஆகிய இடங்களில் புகைப்பதற்குத் தனி இடம் ஒதுக்கலாம் என்றது. இந்த விலக்கு சரியா தவறா என்பது வேறு விவாதம். எனக்கு அது பிடிக்கவில்லை. ஆனால் நாடாளுமன்றம் அதை எழுதி வைத்தது.

2011 ஜூலையில் மும்பை மாநகராட்சி ஒரு சுற்றறிக்கை விட்டது. உணவகம் நடத்த உரிமம் வேண்டுமா, புகையிலைப் பொருள் எதுவும், குழாய் வைத்தோ வேறு கருவி வைத்தோ புகைக்கும் எதுவும், உன் கடையில் இருக்கக் கூடாது என்று உரிமத்தில் ஒரு நிபந்தனையைச் சேர்த்தது. நோக்கம் நல்லது. என்னைக் கேட்டால் மிக நல்லது. உணவக உரிமையாளர்கள் மும்பை உயர் நீதிமன்றம் போனார்கள், தோற்றார்கள். உச்ச நீதிமன்றம் போனார்கள். நரிந்தர் எஸ். சதா என்பது வழக்கின் பெயர். 2014 டிசம்பர் 8 அன்று தீர்ப்பு. எழுதியவர் நீதியரசர் ரோஹின்டன் நாரிமன்.

அவர் என்ன செய்தார்? 2003ஆம் ஆண்டுச் சட்டத்தில் புகைத்தல் என்பதற்கு என்ன விளக்கம் என்று பார்த்தார். சிகரெட், சுருட்டு, பீடி, அல்லது குழாய், வேறு எந்தக் கருவி கொண்டும் புகையிலையைப் புகைப்பது என்று இருக்கிறது. அப்படியானால் ஹூக்காவும் அதற்குள் வந்துவிட்டது. உள்ளே வந்துவிட்டால், தடையும் அதற்கு உண்டு. விலக்கும் அதற்கு உண்டு. தனி இடத்தில் புகைக்கலாம் என்று நாடாளுமன்றம் அனுமதித்த ஒன்றை, மாநகராட்சி ஒரு சுற்றறிக்கையால் பறிக்க முடியாது. சுற்றறிக்கை செல்லாது.

கவனியுங்கள். ஹூக்கா நல்லது என்று உச்ச நீதிமன்றம் சொல்லவில்லை. ஹூக்கா இழுப்பது அடிப்படை உரிமை என்றும் சொல்லவில்லை. தடை செய்ய உனக்கு அதிகாரம் எங்கே இருக்கிறது, காட்டு என்று கேட்டது. மாநகராட்சியால் காட்ட முடியவில்லை.

அதன் பிறகு என்ன நடந்தது தெரியுமா? 2017இல் மத்திய அரசு விதிகளையே திருத்தியது. புகைப்பதற்கென்று ஒதுக்கிய இடத்தில் எந்தச் சேவையும் அளிக்கக் கூடாது என்று எழுதியது. அதாவது, அந்த அறைக்குள் ஹூக்காவைக் கொண்டுவந்து பரிமாற முடியாது. மும்பை மாநகராட்சி எட்டாத கையால் செய்ய நினைத்ததை, கை எட்டுகிறவர்கள் முறையாகச் செய்தார்கள்.

இதே பாடத்தைக் கல்கத்தாவும் படித்தது. 2022 இறுதியில் கொல்கத்தா மாநகராட்சியும் விதான்நகர் மாநகராட்சியும் ஹூக்கா கூடங்களை மூடச் சொல்லின. காவல்துறை மூட வைத்தது. 2023 ஜனவரியில் கல்கத்தா உயர் நீதிமன்றம் கேட்டது: மாநிலத்தில் இதற்குச் சட்டம் இருக்கிறதா? இல்லை. அப்படியானால் மூட முடியாது. வேண்டுமென்றால் சட்டம் இயற்றுங்கள்.

காவல்துறைக்கு இன்னொரு பழக்கமும் உண்டு. சட்டம் கையில் இல்லாதபோது 144 தடை உத்தரவை எடுப்பது. இப்போது புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் அது 163ஆம் பிரிவாகிவிட்டது. கலவரம் வரப்போகிறது, உயிருக்கு உடனடி ஆபத்து என்றால், இன்றைக்கே தடுத்தாக வேண்டும் என்றால், அதற்கான பிரிவு அது. பொதுவாக அதன் ஆயுள் இரண்டு மாதம். இரண்டு மாதம் முடிந்ததும் புது உத்தரவு, அது முடிந்ததும் இன்னொரு புது உத்தரவு என்று மாலை கட்டிக்கொண்டே போக முடியுமா? ஆனந்த மார்க்கத்தாரின் தாண்டவ ஊர்வலத்துக்குக் கல்கத்தாக் காவல்துறை அப்படித்தான் திரும்பத் திரும்பத் தடை போட்டது. ஊர்வலம் போவது எங்கள் மதத்தின் இன்றியமையாத சடங்கு என்ற அவர்கள் வாதத்தை 1983இல் உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. ஆனாலும் அந்தப் பிரிவு அவசரத்துக்காகப் படைத்தது, நிரந்தரத் தடைக்காகப் படைத்ததில்லை என்று சொல்லத் தவறவில்லை. வழக்குப் போட்டவர் தோற்றாலும் கொள்கை நின்றது. ஹூக்கா கூடம் இரண்டு மாத அவசரமா? அது பல வருடத் தீமை. பல வருடத் தீமைக்குப் பல வருடம் நிற்கும் சட்டம்தான் மருந்து.

இங்கே எழுந்து நின்று என்னைக் கேட்க வேண்டிய கேள்வி ஒன்று இருக்கிறது. நீங்கள் கேட்காவிட்டாலும் நானே கேட்டுக்கொள்கிறேன். சட்டம் வரும்வரை பிள்ளைகள் கெட்டுப்போகட்டும் என்கிறாயா?

2017 டிசம்பர் 29, மும்பை கமலா மில்ஸ் வளாகம். நள்ளிரவு கடந்த நேரம். மொட்டைமாடி விடுதி ஒன்றில் பிறந்தநாள் கொண்டாட்டம். தீப்பிடித்தது. 14 பேர் இறந்தார்கள். ஹூக்காவுக்காக எரித்த கரியிலிருந்து பறந்த பொறியிலிருந்தே தீ தொடங்கியிருக்கக்கூடும் என்று தீயணைப்புத் துறையின் விசாரணை சொன்னது. யோசித்துப் பாருங்கள். அந்தத் தீயைத் தடுக்கப் புதிதாக ஒரு சட்டம் வேண்டியிருந்ததா? தீப்பாதுகாப்பு விதி அன்றைக்கும் இருந்தது. கட்டட விதி அன்றைக்கும் இருந்தது. கையிலிருந்த சட்டத்தை நேராக அமல்படுத்தியிருந்தால் போதும்.

அதனால் என் பதில் இது. சட்டம் இல்லாத இடத்தில்கூடக் காவல்துறையும் மற்றத் துறைகளும் வெறுங்கையோடு நிற்கவில்லை. 18 வயது நிரம்பாத பிள்ளைக்கு ஹூக்கா கொடுத்தாரா, வழக்குப் போடுங்கள். பள்ளிக்கூடத்துக்குப் பக்கத்தில் விற்றாரா, வழக்குப் போடுங்கள். புகையிலைக்குள் கஞ்சா கலந்தாரா, போதைப்பொருள் சட்டம் காத்துக்கொண்டிருக்கிறது, பாய்ச்சுங்கள். வெளியேறும் வழி இல்லாமல் அறையை அடைத்திருக்கிறாரா, தீயணைப்புத் துறையை அழைத்து வாருங்கள். ஒவ்வொன்றுக்கும் பிரிவு இருக்கிறது. ஒவ்வொன்றுக்கும் பேப்பர் இருக்கிறது. பேப்பர் எழுதுவது கொஞ்சம் வேலை. பூட்டு சுலபம். சுலபமானதைத் தேடியதுதான் தவறு.

சட்டம் இயற்றுவது முடியாத காரியமா? குஜராத் 2017இல் மத்தியச் சட்டத்தைத் தன் மாநிலத்துக்கு மட்டும் திருத்தி ஹூக்கா கூடத்தைத் தடை செய்தது. கமலா மில்ஸ் தீ கண்ட மகாராஷ்டிரம் 2018இல் செய்தது. நம் தமிழ்நாடு? 2022 அக்டோபரில் நம் சட்டப்பேரவை திருத்த மசோதாவை நிறைவேற்றியது. மத்தியச் சட்டத்தில் கை வைப்பதால் குடியரசுத் தலைவரின் ஒப்புதல் வேண்டும். காத்திருந்தார்கள். 2023இல் ஒப்புதல் வந்தது, அரசிதழில் வெளியானது. இனி ஹூக்கா கூடம் திறக்கக் கூடாது, நடத்தக் கூடாது. மீறினால் ஓராண்டுக்குக் குறையாமல் மூன்றாண்டு வரை சிறை. 20 ஆயிரத்துக்குக் குறையாமல் 50 ஆயிரம் ரூபாய் வரை அபராதம்.

அன்று நான் மகிழ்ந்தேன். இரண்டு மகிழ்ச்சி. ஹூக்கா ஒழிந்தது என்பது ஒன்று. அது சட்டசபையின் வாசல் வழியாக வந்து ஒழிந்தது என்பது இன்னொன்று. மக்கள் தேர்ந்தெடுத்த உறுப்பினர்கள் கூடி, எல்லோர் கண்ணுக்கும் தெரியும்படி, இன்ன குற்றம், இன்ன தண்டனை என்று எழுதி வைத்தார்கள். மது வியாபாரம் செய்வது யாருக்கும் அடிப்படை உரிமை இல்லை என்று உச்ச நீதிமன்றம் 1994இலேயே சொல்லியிருக்கிறது. தீங்கான தொழிலை அரசு அடியோடு நிறுத்தலாம். நிறுத்துகிற கை சட்டத்தின் கையாக இருக்க வேண்டும், அவ்வளவே.

சரி, சட்டம்தான் வந்துவிட்டதே, இனிமேல் காவல்துறைக்கு எல்லை இல்லையா?

இருக்கிறது! வணிகர்களே, இந்தப் பகுதியை மட்டுமாவது மனத்தில் வாங்கிக்கொள்ளுங்கள். ஹூக்கா கடைக்காரர் யாரும் இந்த அவையில் இல்லை என்று எனக்குத் தெரியும். ஆனால் மளிகைக் கடைக்காரர் இருக்கிறீர்கள், டீக்கடைக்காரர் இருக்கிறீர்கள், பெட்டிக்கடையில் பீடி சிகரெட் விற்பவர் இருக்கிறீர்கள்.

புகையிலைச் சட்டத்தின் கீழ் ஒரு கடைக்குள் நுழைந்து சோதனை போட வருகிறவர் காவல்துறைக்காரர் என்றால், அவர் சார் ஆய்வாளர் பதவிக்குக் கீழே இருக்கக் கூடாது. ஏட்டையா தனியாக வந்து அலமாரியைத் திறக்கச் சொல்ல முடியாது. வருகிற அதிகாரிக்கும், சட்டம் மீறப்படுகிறது என்று சந்தேகிக்கக் காரணம் இருக்க வேண்டும். நியாயமான நேரத்தில் வர வேண்டும். சோதனை போடும்போது அந்தப் பகுதியின் மரியாதைக்குரிய, சார்பில்லாத இரண்டு பேராவது சாட்சியாக நிற்க வேண்டும். எடுத்த பொருளுக்குப் பட்டியல் எழுத வேண்டும். அதன் நகல் உங்களுக்கு வர வேண்டும். 2024 ஜூலை 1 முதல் நடப்புக்கு வந்த புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 105ஆம் பிரிவு, சோதனையையும் பறிமுதலையும் ஒலி, ஒளிப் பதிவு செய்து, தாமதமின்றி நடுவருக்கு அனுப்பச் சொல்கிறது. அவர்கள் கையில் இருக்கும் செல்போனே போதும். பறிமுதல் செய்த புகையிலைப் பொட்டலத்தை 90 நாளுக்கு மேல் வைத்திருக்க மாவட்ட நீதிபதியின் ஒப்புதல் வேண்டும்.

கைது? ஏழாண்டு வரை தண்டனை உள்ள குற்றங்களில் எடுத்த எடுப்பில் கைது கூடாது. ஏன் கைது தேவை என்று காரணம் எழுத வேண்டும், இல்லாவிட்டால் ஆஜராகும்படி நோட்டீஸ் தர வேண்டும் என்று 2014இல் அர்னேஷ் குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் கட்டளையிட்டது. மூன்றாண்டு வரை தண்டனை உள்ள ஹூக்கா குற்றத்துக்கும் அது பொருந்தும்.

இனி, பூட்டு. என் மனத்தை மிகவும் அரித்தது அந்தப் பூட்டுதான். குற்றத்தோடு தொடர்புடையதாகச் சந்தேகம் வரும் ‘எந்தச் சொத்தையும்’ காவல்துறை கைப்பற்றலாம் என்று பழைய நடைமுறைச் சட்டத்தின் 102ஆம் பிரிவு சொன்னது. இன்றைய 106. எந்தச் சொத்தையும் என்றால் கட்டடத்தையுமா? கடையையுமா? வீட்டையுமா? 2019 செப்டம்பரில் நெவாடா பிராப்பர்டீஸ் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் பதில் சொன்னார்கள். அசையாச் சொத்து அதில் அடங்காது. இந்தப் பிரிவை வைத்துக்கொண்டு காவல்துறை ஹூக்காவைக் கைப்பற்றலாம், கரியைக் கைப்பற்றலாம், புகையிலைக் கூழைக் கைப்பற்றலாம்; நான்கு சுவரைக் கைப்பற்ற முடியாது. ஒரு கடைக்குப் பூட்டுப் போட வேண்டுமென்றால், அதற்கென்று தனியாக அதிகாரம் கொடுத்த சட்டத்தைக் காட்ட வேண்டும். இல்லையேல் நீதிமன்றத்தின் படியேற வேண்டும்.

இன்னொரு சங்கதி. “இது புகையிலை ஹூக்கா இல்லை, மூலிகை ஹூக்கா” என்று சில கூடங்களில் பலகை மாட்டினார்கள். தாய்ச் சட்டமான கோட்பா புகையிலையைப் பற்றியது. ஆகவே உள்ளே இருப்பது புகையிலையா, நிகோடின் இருக்கிறதா என்று ஆய்வகம்தான் சொல்ல முடியும்; மோந்து பார்த்துச் சொல்ல முடியாது. 2021 நவம்பரில் டெல்லி உயர் நீதிமன்றம், பெருந்தொற்றுக் காலத் தடையைத் தொடர்ந்துகொண்டே போவதற்கு நியாயம் கேட்டு, மூலிகை ஹூக்காவுக்கு இடைக்கால அனுமதி தந்தது. எனக்கு அதிலும் மகிழ்ச்சி இல்லை. மூலிகை என்றாலும் கரி கரிதான்; அதன் நச்சு வாயு நச்சு வாயுதான். அதையும் தடுக்க வேண்டும் என்பதே என் விருப்பம். அதற்காக மக்கள் பிரதிநிதிகளிடம் மனுக் கொடுக்க நான் தயார். காவல் நிலையத்தில் போய், “நீங்களே பார்த்துக்கொள்ளுங்கள்” என்று சொல்ல நான் தயாரில்லை.

ஏன் தயாரில்லை? ஒரு ஹூக்கா கடைக்காக இவ்வளவு கவலையா?

சாத்தான்குளத்தை நினைத்துப் பாருங்கள்.

2020 ஜூன். செல்போன் கடை வைத்திருந்த ஒரு தந்தை. ஒரு மகன். ஊரடங்கு நேரத்தைத் தாண்டிக் கடை திறந்திருந்ததாகச் சொல்லிக் காவல்துறையினர் அழைத்துப் போனார்கள். சில நாளில் மகன் இறந்தார். மறுநாள் தந்தை இறந்தார். கடை அடைக்கும் நேரம், ஐயா! ஒரு கடையின் ஷட்டர் எத்தனை மணிக்கு இறங்கியது என்ற விஷயம். அதில் உண்மையிலேயே மீறல் இருந்திருந்தால்கூட, சட்டம் கேட்டிருக்கக்கூடியது ஒரு சிறு வழக்கு, ஓர் அபராதம். இரண்டு உயிர் போனது.

அது ஒரு நாளில் முளைத்த கொடுமையா? கடைத்தெருவில் லத்தியால் ஷட்டரைத் தட்டும் பழக்கத்தில் அதன் வேர் இருக்கிறது. பத்து பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் கடை 24 மணி நேரமும் திறந்திருக்கலாம் என்று தமிழ்நாடு அரசு 2019இலேயே ஆணை போட்டது. அதற்குப் பிறகும் ராத்திரி பதினொரு மணிக்கு ஜீப் வந்து நின்றால் கடைக்காரர் எதுவும் கேட்காமல் விளக்கை அணைத்தாரா இல்லையா? உங்களில் எத்தனை பேர் அணைத்திருக்கிறீர்கள்? கை தூக்க வேண்டாம். உங்கள் முகமே சொல்கிறது.

எழுதப்படாத அதிகாரம் இருக்கும் இடத்தில் மாமூல் பிறக்கிறது. சட்டம் எழுதியிருந்தால் கடைக்காரருக்குத் தெரியும்: இது கூடும், இது கூடாது. எழுதாத இடத்தில் எது கூடும் என்பது அன்றைய அதிகாரியின் மனத்தில் இருக்கிறது. அந்த மனத்தை மாதாமாதம் குளிரவைக்க வேண்டியிருக்கிறது. ஹூக்கா கூடங்கள் நகரங்களில் அவ்வளவு காலம் ஒளிந்து நடந்ததற்கு, ஒருநாள் பூட்டும் மறுநாள் சாவியும் மாறி மாறி வந்ததே காரணம் என்று நான் நினைக்கிறேன். பூட்டு பயமுறுத்த; சாவி பேரம் பேச. உண்மையான தடை வந்திருந்தால் அவை என்றோ மூடியிருக்கும்.

காவல்துறை நண்பர்களும் இரண்டு பேர் இங்கே வந்திருக்கிறார்கள். சீருடையில் வரவில்லை, ஆனால் எனக்குத் தெரியும். உங்களிடம் கைகூப்பிச் சொல்கிறேன். உங்கள் வேலை கடினமானது. ஓய்வு கிடையாது, பண்டிகை கிடையாது. ஊர் மக்கள் வந்து, “அந்தக் கடையை மூடுங்கள், எங்கள் பிள்ளைகள் கெடுகிறார்கள்” என்று நிலையத்து வாசலில் நிற்கும்போது, “எனக்கு அதிகாரம் இல்லை” என்று சொல்வது உங்களுக்கு அவமானமாக இருக்கும். அவமானம் இல்லை. அந்த மனுவை வாங்கிக்கொண்டு, எந்தத் துறைக்குப் போக வேண்டுமோ அங்கே அனுப்புங்கள். எந்தப் பிரிவு பொருந்துமோ அதில் வழக்குப் பதியுங்கள். முறையாகப் போட்ட வழக்கு நீதிமன்றத்தில் நிற்கும். பூட்டிவிட்டுப் போன கடைக்கு நீதிமன்றம் சாவியைத் திருப்பிக் கொடுத்துவிடும்; அன்றைக்குத்தான் அந்த ஊருக்கு முன்னால் உங்கள் தலை குனியும்.

அந்த இளைஞரின் கதையைப் பாதியில் விட்டுவிட்டேன். அன்று அவருக்கு ஒரு கடிதம் எழுதிக் கொடுத்தேன். மூன்றே கேள்வி. முதல் தகவல் அறிக்கை எண் என்ன? எந்தச் சட்டம், எந்தப் பிரிவு? பறிமுதல் மகஜரின் நகல் எங்கே? நிலையத்தில் கொடுத்து ரசீது கேட்கச் சொன்னேன். ரைட்டர் ரசீது தரவில்லை. பதிவுத் தபாலில் அனுப்பினோம். நகலை மேலதிகாரிக்கும் அனுப்பினோம். ரிட் மனுவைத் தயார் செய்துகொண்டிருந்தேன். அது தேவைப்படவில்லை. நான்காம் நாள் காலையில் ஒரு காவலர் வந்து சாவியைக் கல்லாவில் வைத்துவிட்டு, ஒன்றும் பேசாமல் போய்விட்டார். எட்டு ஹூக்காவில் ஆறு திரும்பி வந்தன.

பின்னொரு நாள், 2023இல், புதிய சட்டம் பற்றிப் பத்திரிகையில் செய்தி வந்த வாரம், அவர் மறுபடியும் வந்தார். அரசிதழின் நகல் வேண்டும் என்றார். எடுத்துக் கொடுத்தேன். அங்கேயே உட்கார்ந்து, ஒவ்வொரு வரியாக, விரல் வைத்துப் படித்தார். ஏதாவது ஓட்டை தேடுகிறாரோ என்று எனக்குச் சந்தேகம். கேட்டேவிட்டேன்: “வழக்குப் போடலாம்னு நினைக்கிறீங்களா தம்பி?”

“இல்ல சார். இன்னியோட எடுத்துடுறேன். அந்த ரூம்ல நாலு டேபிள் கூடுதலா போட்டு பிரியாணி ஓட்டிக்கிறேன்.”

“அன்னைக்கு அவ்வளவு போராடுனீங்களே?”

அரசிதழ் நகலை மடித்து, அந்தப் பழைய பிளாஸ்டிக் உறைக்குள் உரிமங்களோடு சேர்த்து வைத்துக்கொண்டே சொன்னார்:

“அன்னைக்குப் பேப்பர் இல்ல சார். இப்போ பேப்பர் வந்திருச்சுல்ல.”